'ஆர்கானிக்' என்னும் பெயரடையும் செய்யுளுறுப்பும்

சங்கத் தொகைநூல் ஒன்றன் பாடல்களைப் பற்றிய ஆய்வேடு ஒன்று சில திங்கட்கு முன்னர் நம் பார்வைக்கு வந்தது. உழைப்பு மிக்க ஏடு. உள்ளுறையும் இறைச்சியும் கருப்பொருளொடு பொருந்தி நிற்கும் திறத்தினை மாணவர் பாடல்தோறும் நுணுகி ஆராய்ந்திருந்தார். ஆயின், ஒவ்வோர் இயலின் இறுதியிலும் 'இப்பாடல் கரிம ஒருமை உடையது' என்னும் முடிபு தவறாது வந்துகொண்டிருந்தது. கரிம ஒருமையாவது யாது என வாய்மொழித் தேர்வில் வினவினோம். 'ஆர்கானிக்' என்னும் ஆங்கிலச் சொல்லுக்கு நேரே கலைச்சொற்பட்டியில் அச்சொல்லே இருந்தது என்றார் மாணவர். அவையிலிருந்தோர் நகைத்தனர், நாமும் நகைத்தோம்.

நகைத்ததன் பின்னரே நம் குறை நமக்குப் புலனாயிற்று. அதே ஆங்கிலத் தொடரை நாம் பல்லாண்டுகளாக வகுப்பறையில் 'உயிர்ப்பு ஒருமை' என வழங்கி வந்துள்ளோம். அதனை எவரும் நகைத்ததில்லை. செவிக்கு இனிதாயிருந்தமையின் மாணவரும் அதனை வினாவின்றி ஏற்றுக்கொண்டனர். உயிர்ப்பு ஒருமை உடைய பாடல் ஒன்றும் உயிர்ப்பில்லா ஒருமை உடைய பாடல் ஒன்றும் காட்டுக என்று யாரேனும் ஒரு மாணவர் கேட்டிருப்பின், நாம் விடை கூற இயலாது நின்றிருப்போம். ஆகலின், இப்பெயரடை பல துறைகளில் எவ்வெப் பொருளில் வழங்குகின்றது என்பதனையும், திறனாய்வில் அதற்குத் தமிழிற் கொள்ளத்தக்கது யாது என்பதனையும் ஈண்டு ஆராயப் புகுகின்றோம்.

ஆராய்ச்சிக்குரிய அளவுகோல் நம் இலக்கணத்திலேயே உளது. தொல்காப்பியர் கிளவியாக்கத்தில் இனச்சுட்டு இல்லாத அடையினை வழக்கினின்று நீக்கிச் செய்யுளுக்கு மட்டுமே உரிமை செய்கின்றார். செந்தாமரை என்புழிச் 'செம்மை' வெண்டாமரையினின்று பிரித்துக் காட்டுகின்றது. அது இனஞ்சுட்டும் அடை. செஞ்ஞாயிறு என்புழி அங்ஙனம் பிரிக்கத்தக்க வேறு ஞாயிறு இல்லை. அது புலவர்க்கு ஆகும், வழக்கிற்கு ஆகாது. அறிவியலிலும் திறனாய்விலும் வரும் பெயரடைகள் யாவும் இனஞ்சுட்டியே நிற்றல் வேண்டும் என்பது நம் துணிபு. ஒரு கலைச்சொல்லடையின் பொருளை அறிய விரும்புவோர் முதற்கண் அது எதனை விலக்குகின்றது என வினவுதல் தகும். ஒரே அடை ஐந்து துறைகளில் ஐந்து வெவ்வேறு இனங்களை விலக்குமாயின், அது வடிவால் ஒன்றாயினும் ஐந்து சொல்லே.

'ஆர்கானிக்' என்பதன் மூலம் 'ஆர்கனான்' என்னும் கிரேக்கச் சொல். அதன் முதற்பொருள் கருவி. அரிசுடாட்டிலின் அளவை நூல்களைத் தொகுத்த பிற்காலத்தார் அத்தொகுதிக்கு அப்பெயரையே இட்டனர். அறிவுக்குக் கருவி என்பது கருத்து. கண்ணும் கையும் உயிர் தொழில்செய்தற்குரிய கருவிகள் ஆதலின், அச்சொல் உடலுறுப்பையும் குறிக்கலாயிற்று. கிறித்தவக் கோயில்களில் இசைக்கும் பெரிய குழற்கருவிக்கும் இலத்தீன் வழியாக அப்பெயரே வாய்த்தது. எனவே பழைய ஆங்கிலத்தில் இப்பெயரடை கருவிபோல் இயங்குவது எனப் பொருள்பட்டு, 'மெக்கானிக்கல்' என்பதனோடு ஏறத்தாழ ஒருபொருட்கிளவியாய் நின்றது. இவ்வரலாற்றினை இரேமண்டு வில்லியம்சு 1976இல் வெளியிட்ட 'கீவேர்ட்சு' என்னும் நூலில் விளக்கியுள்ளார். இன்று எதிர்ச்சொற்களாய் நிற்கும் இரண்டும் ஒருகாலத்து உடன்பிறந்தன என்பது வியப்பாகத் தோன்றலாம். தமிழர்க்கு அவ்வியப்பு வேண்டா. மெய், வாய், கண், மூக்கு, செவி ஆகியவற்றை ஐம்பொறி என்கின்றோம். சீவகசிந்தாமணியில் விசயை ஏறிச் சென்ற வானூர்தியையும் மயிற்பொறி என்கின்றோம். இக்காலத்து எந்திரக் கல்வியையும் பொறியியல் என்றே வழங்குகின்றோம். உறுப்பையும் எந்திரத்தையும் ஒரு சொல்லுள் வைத்துப் போற்றிய மொழி நம்முடையது. இதன் பயன் பின்னர்ப் புலனாகும்.

முதலில் வேதியியலை எடுத்துக்கொள்வோம். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சுவீடன் நாட்டு அறிஞர் பெர்சீலியசு இவ்வடையினை வேதியியலோடு புணர்த்தபோது, அது உறுப்புடைய உயிர்களிடத்துக் கிடைக்கும் பொருள்களைக் குறித்தது. நிலத்தினின்று எடுக்கும் கனிமங்களை விலக்கியது. உயிராற்றல் ஒன்றின்றி அப்பொருள்களை ஆய்வுக்கூடத்தில் ஆக்குதல் அரிது என்பது அக்காலத்துப் பலர் கொள்கை. 1828இல் செருமானிய அறிஞர் வோலர் அமோனியம் சயனேட்டினின்று யூரியாவைப் பெற்றார். விலங்கின் சிறுநீரில் உள்ள பொருள் சிறுநீரகத்தின் துணையின்றி ஆக்கப்பட்டது. உயிராற்றற் கொள்கை அன்றே வீழ்ந்தது எனப் பாடநூல்கள் கூறுவது மிகை. அது சில பத்தாண்டுகள் தேய்ந்தே மறைந்தது. அந்நூற்றாண்டின் இடைப்பகுதியில் கெக்குலே முதலியோர் இத்துறையினைக் கார்பன் சேர்மங்களின் வேதியியல் என வரையறுத்தபின், பெயரடை அப்படியே நிற்க அதன் பொருள் முழுதும் மாறிற்று. உயிர் போய்விட்டது, கரி நின்றது. தமிழ்நாட்டார் கரிம வேதியியல் எனவும் கனிம வேதியியல் எனவும் ஆக்கிக்கொண்டது இம்மாறிய பொருளை நோக்கியே. சொல்லின் பிறப்பை விடுத்து அது இன்று விலக்கும் இனத்தை நோக்கி ஆக்கிய இணை அது. நம் கலைச்சொல்லாக்கத்துள் இத்துணைத் தெளிவான இணை சிலவே எனலாம்.

ஈழத்தார் வேறு வழி சென்றனர். அவர்தம் பாடநூல்களில் அது சேதன இரசாயனம். மற்றது அசேதன இரசாயனம். சேதனமாவது அறிவுடையது. சித்து, அசித்து என்னும் சமய நூற் பாகுபாட்டினை அறிந்தார்க்கு இது நெருடலாகத் தோன்றும். பெட்ரோலியத்தைச் சேதனம் என்று மெய்கண்டார் மரபினர் ஒருவரிடம் கூறின் அவர் என் செய்வாரோ! ஆயினும், பெர்சீலியசு கருதிய பழம்பொருளை அச்சொல் காத்து நிற்கின்றது என்பதனை மறுத்தற்கில்லை.

இவ்விரு வழிகளின் வேறுபாடு உழவுத்துறையிலேதான் நன்கு வெளிப்படுகின்றது. இங்கிலாந்தின் நார்த்பர்ன் பிரபு 1940இல் எழுதிய 'லுக் டு தி லேண்ட்' என்னும் நூலில் பண்ணையினை உறுப்புகள் ஒன்றையொன்று சார்ந்து நிற்கும் ஒரு முழுமையாகக் கண்டார். அங்ஙனம் நடைபெறும் வேளாண்மைக்கே 'ஆர்கானிக்' என்னும் அடை பொருந்தும் என்பது அவர் கருத்து. உரத்தில் கரி உளதா இலதா என்பது அவர் வினாவன்று. இந்தூரில் ஆல்பர்ட்டு ஓவர்டு வகுத்த மட்குரமுறையும் இவ்வியக்கத்திற்கு ஊற்றாயிற்று. எனவே இத்துறையில் அவ்வடை விலக்கும் இனம், வெளியினின்று வாங்கி இடும் செயற்கையுரத்தை நம்பிய வேளாண்மையாகும்.

அவ்வாறு விலக்கப்பட்டவற்றுள் தலையாயது யாது? யூரியா. இன்று அம்மோனியாவினின்றும் கரியமில வாயுவினின்றும் ஆலையில் ஆக்கப்படுவது அது. வேதியியலார்க்கு அது 'ஆர்கானிக்' சேர்மம். அத்துறையின் வரலாற்றிலேயே புகழ்பெற்ற சேர்மம். உழவியலார்க்கோ அது 'ஆர்கானிக்' அல்லாதது. ஆங்கில உழவு நூல்கள் பலவற்றில் அது அவ்வாறே வரிசைப்படுத்தப்பட்டுள்ளது. ஒரு வளாகத்தின் இரு துறைகளில் ஒரே அடை ஒரே பொருளின்மீது உண்டு எனவும் இல்லை எனவும் நிற்கின்றது, இருவரும் பிழைபட்டாரல்லர்.

தமிழ்நாட்டு வழக்கில் இம்முரண் தோன்றுவதேயில்லை. யூரியா கரிமச் சேர்மம். அது இயற்கை உரம் அன்று. சொற்கள் வேறாதலின் மோதல் இல்லை. ஈழத் தமிழில் அம்மோதல் ஆங்கிலத்திற் போலவே நேர்கின்றது. யூரியா சேதனச் சேர்வை, ஆயினும் சேதனப் பசளை அன்று. இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று. 2021ஆம் ஆண்டின் இடையில் இலங்கை அரசு இரசாயன உரங்களின் இறக்குமதியைத் தடைசெய்து, நாடு முழுதும் ஒருங்கே சேதனப் பசளைக்கு மாறுதல் வேண்டும் என்றது. விளைச்சல் குன்றியது, உழவர் கிளர்ந்தனர், அவ்வாண்டு நவம்பரில் தடை நீக்கப்பட்டது. அம்மாதங்களில் ஈழத்து இதழ்களில் நாள்தோறும் அடிபட்ட சொல் 'சேதனப் பசளை'. அதற்கு எதிராக மக்கள் வழங்கியது 'அசேதனம்' அன்று, 'இரசாயனம்' என்பதே. பாடநூல் கற்பித்த இனத்தை விடுத்து, வாழ்க்கை கற்பித்த இனத்தை மக்கள் தாமே தேர்ந்துகொண்டனர் என்க.

தமிழ்நாட்டு வழக்கும் குறையற்றதன்று. நம்மாழ்வார் முதலியோர் முயற்சியால் நாடெங்கும் பரவிய 'இயற்கை வேளாண்மை' என்னும் தொடர் செயற்கையை விலக்குவது. மட்குழி அகழ்ந்து, அடுக்கடுக்காகப் பரப்பி, நாள் கணக்கிட்டுப் புரட்டும் உழவன் தொழில் செயற்கையன்றோ? மேலும், உழாமையும் களையெடாமையும் வேண்டும் என்ற சப்பானியர் புக்குவோக்காவின் முறைக்கு ஆங்கிலத்தில் 'நேச்சுரல்' என்னும் வேறு அடை உண்டு. தமிழில் அதற்கும் இயற்கையே. இரண்டினையும் பிரித்துக் கூறவேண்டிய இடத்தில் நாம் தடுமாறுகின்றோம். அரசின் சான்றளிப்புத் துறை 'அங்கக' என்னும் அடையினை ஆள்கின்றது. அச்சொல் செவிக்கு இனிதன்று. சந்தையில் எவரும் அதனைச் சொல்லக் கேட்டிலோம். ஆயினும், வேறு பொருள் ஒட்டாத சொல் ஆதலின், சான்றிதழில் நிற்றற்கு அதுவே தக்கது என்போம்.

மருத்துவத்தை விரைந்து கடக்கலாம். ஆண்டு இவ்வடை, உறுப்பின் அமைப்பிலேயே மாறுபாடு காணப்படும் நோயைக் குறித்து, அமைப்பு மாறாது தொழில் மட்டும் பிறழும் நோயை விலக்குகின்றது. உறுப்புசார் நோய் என்பது பொருந்தும். ஒன்று மட்டும் குறிக்கத்தக்கது. அமெரிக்க உளமருத்துவர் கழகத்தார் 1994இல் வெளியிட்ட நோய்வகைக் கையேட்டின் நான்காம் பதிப்பில், உளநோய்களுக்கு இவ்வடையினை அடுத்து வழங்கிய தலைப்பினை நீக்கினர். அவ்வடை இருப்பின் ஏனைய உளநோய்கட்கு மூளையில் அடிப்படை இல்லை எனப் படும் என்பது அவர் அச்சம். இனஞ்சுட்டும் அடை தான் சுட்டாத இனத்தையும் பேசிவிடும் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டா.

சமூகவியலில் நிகழ்ந்தது வேடிக்கையானது. செருமானியர் தோனீசு 1887இல், உறவாலும் ஊராலும் பிணைந்த பழஞ்சமூகத்தை உயிருடல் போன்றது என்றும், ஒப்பந்தத்தால் இயலும் நகரச் சமூகத்தை எந்திரம் போன்றது என்றும் பிரித்தார். பிரெஞ்சியர் தூர்க்கைம் அந்நூலுக்கு 1889இல் மதிப்புரை எழுதியவர். 1893இல் தம் நூலில் அதனைத் தலைகீழாக்கினார். ஒருவரை ஒருவர் ஒத்திருத்தலால் பிணையும் பழஞ்சமூகமே எந்திரப் பிணைப்பு உடையது; கண்ணும் காலும்போல வேறுவேறு தொழில்புரிந்து ஒன்றையொன்று சார்ந்து நிற்கும் புதுச்சமூகமே 'ஆர்கானிக்' என்றார். முன்னவர் உடலின் உயிரை நோக்கினார். பின்னவர் உடலின் உறுப்பு வேற்றுமையை நோக்கினார். சமூகவியல் நோக்கில் புறநானூற்றை ஆராய்வோர் சிலர், மேற்கோள் தோனீசிடமிருந்தும் சொல் தூர்க்கைமிடமிருந்துமாக எடுத்து ஒரே பத்தியில் கலந்துவிடுகின்றனர். இருவருக்கும் 'உயிர்ப்பு' என்று ஒரே சொல்லை இட்டதனால் நேர்ந்த பிழை அது.

இனி நமக்குரிய துறையினை நோக்குவோம். முழுமையின் ஒரு பகுதியை எடுப்பினும் இடம் மாற்றினும் முழுமை சிதையுமாறு கதை அமைதல் வேண்டும் என்பது அரிசுடாட்டிலின் கவிதையியலிலேயே உள்ள கருத்து. ஆயின் இன்று நம் ஆய்வேடுகளில் வரும் 'ஆர்கானிக்' ஒருமை அவ்வளவில் நிற்பதன்று. அது ஆங்கிலத் திறனாய்விற்குக் கோல்ரிட்சு வழியாக வந்தது. அவர் கொண்டதோ செருமானியர் சிலேகல் 1808இல் வியன்னாவில் ஆற்றிய சொற்பொழிவுகளினின்று. சேக்சுபியர் நாடகங்கள் இட ஒருமை, கால ஒருமை முதலிய விதிகளை மீறுவன. ஆகலின் ஒழுங்கற்றன என்று பழித்தோர்க்கு விடையாகவே அவ்வடை எழுந்தது. வெளியினின்று விதியால் அச்சிடப்படும் வடிவம் ஒன்று. உள்ளிருந்து செடிபோல் தானே வளர்ந்து உருப்பெறும் வடிவம் மற்றொன்று. சேக்சுபியர் வடிவம் பின்னது என்பது வாதம். எனவே ஆண்டு இவ்வடை விலக்கும் இனம், முன்னரே வகுத்த விதியால் அமைந்த வடிவமாகும்.

இப்பொருளில் அதனைச் சங்கப்பாட்டின்மேல் ஏற்றுதல் இயலுமா? திணை முன்னரே வகுக்கப்பட்டது. முதலும் கருவும் உரியும் முன்னரே வகுக்கப்பட்டன. இன்ன துறையில் இன்னார் கூற்று இன்ன கேட்போரை நோக்கி நிகழ்தல் வேண்டும் என்பதும் முன்னரே வகுக்கப்பட்டது. கோல்ரிட்சின் அளவைக் கொண்டு நோக்கின் சங்கப்பாட்டு அச்சில் வார்த்த வடிவம் ஆகிவிடும். நாம் புகழ்ச்சியாகக் கருதி இட்ட அடை, அதன் உண்மைப்பொருள் அறிந்தார் கையில் நம் பாட்டிற்கே இழுக்காய் முடிகின்றது.

'செய்யுளுறுப்பு' என்று தொல்காப்பியர் கூறியிருத்தலின் இக்கொள்கை நமக்குப் பண்டே உண்டு என்று வாதிப்போர் உளர். அவர் செய்யுளியல் முதல் நூற்பாவினை முழுதும் நோக்கினாரல்லர். ஆண்டு மாத்திரை முதல் வண்ணம் ஈறாக இருபத்தாறும், அம்மை முதலிய வனப்பு எட்டுமாக முப்பத்துநான்கு உறுப்புகள் எண்ணப்படுகின்றன. அவற்றுள் ஒன்று மரபு. எதனை விலக்குதற்கு மேலைநாட்டார் தம் அடையினை ஆக்கினரோ அது நமக்கு உறுப்பாகவே நிற்கின்றது. கேட்போரும் ஓர் உறுப்பு. களனும் காலமும் பயனும் உறுப்புகள். செடியின் உருவகத்தில் செடியைப் பார்ப்பவனுக்கு இடமில்லை. தொல்காப்பியரின் உறுப்போ, சொல்லப்படுவோரையும் செய்யுளின் உள்ளே கொண்டுவந்து வைக்கின்றது. இது வளர்ச்சியைக் குறித்த உருவகம் அன்று; இன்றியமையாமையைக் குறித்த கணக்கு. பொறி என்னும் சொல்லில் உறுப்பும் எந்திரமும் ஒன்றாய் நின்றவாறு, செய்யுளுறுப்பு என்னும் சொல்லில் வகுத்ததும் பிறந்ததும் ஒன்றாய் நிற்கின்றன. ஆகலின், வகுத்ததற்கு எதிராகப் பிறந்ததனை நிறுத்தும் அடைக்கு இத்தொடர் பெயர்ப்பாதல் ஒல்லாது.

நன்னூலைச் சான்று காட்டுவோர்க்கும் இதுவே விடை. எனினும் சற்று விரித்தல் வேண்டும். பலவகைத் தாதுக்களால் ஆகிய உடம்பு உயிர்க்கு இடமாதல்போல, பல சொற்களால் ஆகிய செய்யுள் பொருட்கு இடமாகும் என்பது பவணந்தியார் கருத்து. அழகிய உவமை. ஆயின் 1940களில் அமெரிக்கத் திறனாய்வாளர் இவ்வடைக்கு வேறோர் இனத்தைத் தந்தனர் என்பதனை ஈண்டு நினைதல் வேண்டும். கிளியந்து புரூக்சு 1947இல் வெளியிட்ட நூலில், கவிதையின் பொருளை வடிவினின்று பிரித்து உரைநடையில் எடுத்துரைத்தல் இயலாது என்றார். அப்பிரிப்பே அவர் விலக்கும் இனம். (வளர்வதன் பெருமை பேசும் அந்நூலுக்கு, நன்கு வனைந்த கலம் எனப் பொருள்படும் பெயரை அவர் இட்டமை நமக்கு எப்பொழுதும் நகை விளைப்பது.) பவணந்தியார் கூற்று இதற்கு நேர்மாறானது. அவர் சமணர்; உயிர் ஓருடம்பின் நீங்கி வேறுடம்பு புகும் என்பது அவர்தம் கொள்கை. அவ்வுவமையை முற்றக் கொள்ளின், பொருள் ஒரு சொற்றொடரின் நீங்கி மற்றொரு சொற்றொடரில் புகுதலும் இயல்பாகின்றது. நம் உரையாசிரியர்கள் தயங்காது பொழிப்புரைத்துச் சென்றமை இக்கொள்கைக்கு முற்றும் ஒத்ததே. புரூக்சு பொழிப்பினைப் பிழை என்பார்; நாம் பொழிப்பின்றிப் பாடம் தொடங்குவதேயில்லை. இத்துணை வேறுபட்ட இரு கொள்கைகளை 'உயிர்ப்பு' என்னும் ஒரு சொல் மறைத்து நின்றது.

அங்ஙனமாயின், அம்மாணவர் பாடல்களில் உண்மையாகக் கண்டது யாது? ஒரு சொல்லை நீக்கின் பாட்டுக் குறைபடும் என்பதனையும், கருப்பொருட்கு இட்ட அடை ஒன்று தலைவியின் நிலையைத் தொட்டு நிற்பதனையும் அவர் கண்டார். இதற்குச் செய்யுளியலிலேயே சொல் உண்டு. முப்பத்துநான்கனுள் 'நோக்கு' என்பது ஒன்று. மாத்திரையினின்று அடிகாறும், கேட்போன் மீண்டும் நோக்கிப் பயன்கொள்ளுமாறு செய்யுள் அமைதலே அது. பேராசிரியர் அகநானூற்று முல்லைப்பாட்டு ஒன்றனை எடுத்துக்கொண்டு, சொல்தோறும் நின்று, இச்சொல் ஈண்டு எதன்பொருட்டு எனக் காட்டிச் செல்லும் உரையினை மாணவர் யாவரும் பயிலல் வேண்டும். இவ்வுறுப்பு விலக்கும் இனம் தெளிவானது: நோக்குதற்குக் காரணமின்றி அடிநிரப்ப வந்து கிடக்கும் சொல். ஆகலின் 'நோக்கு நிரம்பிய பாட்டு' என்பது இனஞ்சுட்டும் தொடர். மெய்யெனவும் பொய்யெனவும் சோதிக்கத்தக்க தொடர். 'உயிர்ப்பு ஒருமை' செஞ்ஞாயிறு போன்றது.

நோக்கு என்பது 'ஆர்கானிக்' என்பதன் மொழிபெயர்ப்பு என்று நாம் கூறவில்லை. கோல்ரிட்சைப் பற்றி எழுதுவோர் அவர் சொல்லை 'உள்வளர் வடிவம்' எனப் பெயர்த்து, அதனோடு 'அச்சுவார் வடிவம்' என்பதனையும் உடனெழுதுக. ஒன்றனை மட்டும் எழுதற்க. புரூக்சினைப் பற்றி எழுதுவோர் 'பிரிப்பரும் ஒருமை' என்க. இச்சொற்கள் நம் காதிற்கே சிறிது கரடாகத்தான் உள்ளன. சிறந்தன பிறர் காட்டின் கொள்வோம்.

அம்மாணவர் ஏட்டினைத் திருத்திக் கொணர்ந்தார். கரிம ஒருமை பதினொரு இடங்களில் வந்திருந்தது. எட்டிடங்களில், எந்தச் சொல் எதனால் நோக்கத்தக்கது என அவர் விளக்கி எழுதவே, இயல்களின் முடிபு முன்னையினும் வலிமை பெற்றது. இரண்டிடங்களில் அங்ஙனம் எழுதுதற்கு ஒன்றும் இல்லாமையின் வாக்கியத்தையே அடித்துவிட்டார். இயல் அதனாற் குறைபடவில்லை. எஞ்சிய ஒன்று ஒரு குறிஞ்சிப்பாட்டினைப் பற்றியது. அதன் நான்காம் அடியில் வரும் அடைமொழி நோக்குடையதா, அடிநிரப்ப வந்ததா என்பதில் அவருக்கும் நமக்கும் இன்னும் உடன்பாடு ஏற்படவில்லை.